முதலில் தட்டிய கை

ஊரில் அவளுக்குப் படக்காரி என்று பெயர். பெற்றவர்கள் வைத்த பெயர் வேறு ஒன்று உண்டு. அதைத் தங்கை மட்டும், அதுவும் சண்டை போடும்போது மட்டும் எடுப்பாள். மற்றபடி மில் வாசலிலிருந்து பேருந்து நிலையம் வரை யாரைக் கேட்டாலும் படக்காரி வீடு எது என்று கையைக் காட்டுவார்கள்.

நகர்மன்றக் கூட்டம் என்றால் படக்காரி அங்கே ஆஜர். முக்காலியில் கேமரா, கழுத்தில் ஹெட்போன், காலடியில் ஒரு பை. இது இன்று நேற்று ஆரம்பித்த கூத்து இல்லை, நாலைந்து வருஷமாக நடக்கிறது. விளம்பரப் படம், விழாப் படம் என்று வெளியில் ஓடியாடிச் சம்பாதிப்பதையெல்லாம் கொண்டுவந்து இந்த அறையில் கொட்டினாள். சாக்கடை, தெருவிளக்கு, குப்பை வண்டி இவற்றைப் பற்றி முப்பது பேர் கத்துவதை யார் உட்கார்ந்து பார்ப்பார்கள் என்று கேட்டவர்கள் உண்டு. "உங்க தெரு சாக்கடைய மூடறதா வேண்டாமான்னு அங்கதான் முடிவு பண்றாங்க. நீங்க பார்க்கலேன்னா வேற யார் வந்து பார்ப்பாங்க?" என்று திருப்பிக் கேட்பாள். கேட்டவர் பேச்சை மாற்றிக்கொள்வார்.

அவளுக்கு ஒரு கர்வம் இருந்தது. தான் எடுக்கும் படத்தில் தன் நிழல்கூட விழக்கூடாது. கேள்வி கேட்கமாட்டாள், யார் பக்கமும் தலையாட்டமாட்டாள், இருமல் வந்தாலும் விழுங்கிக்கொள்வாள். "நான் அந்த ரூம்ல இல்லவே இல்ல" என்பதுதான் அவளுடைய வாய்ப்பாடு. அப்படி இல்லாதவள் செய்த காரியம்தான் இந்தக் கதை.

முதலில் அந்த அறையைச் சொல்லிவிடுகிறேன். சாலையை ஒட்டி, தரைத்தளத்தில், ஆளுயரக் கண்ணாடி ஜன்னல்கள் வரிசையாக வைத்த நீள அறை. வெளியே பேருந்துக்கு நிற்பவர்கள் உள்ளே பார்க்கலாம், யாரும் பார்த்ததில்லை. உள்ளே பழைய மின்விசிறிகள் போடும் இரைச்சலில் கேமராவில் பதிவாகும் குரல் எதற்கும் உருப்படாது. அதனால் படக்காரி ஒலிப்பதிவுக் கருவியைத் தனியாகக் கொண்டுபோய்ச் செயலாளர் மேஜையில் வைப்பாள். படம் ஒரு பக்கம், சத்தம் ஒரு பக்கம். பிறகு வீட்டில் இரண்டையும் பொருத்த வேண்டுமே? அதற்கு ஒரு வழி வைத்திருந்தாள். கேமராவை ஓடவிட்டதும் அதன் முன்னால் இரண்டு கையையும் நீட்டி டப்பென்று ஒரே ஒரு தட்டு. படத்தில் கை சேரும் இடத்தையும் ஒலியில் அந்த டப் விழும் இடத்தையும் ஒன்றாக வைத்தால் போதும், எல்லாருடைய வாயும் குரலும் சரியாகப் பொருந்திவிடும். கூட்டம் தொடங்குவதற்கு முன்பே, ஆட்கள் வந்து நாற்காலியை இழுக்கும் சந்தடியில் இதை முடித்துவிடுவாள்.

நகர்மன்றத்துக்கும் ஒரு கைதட்டல் வழக்கம் இருந்தது. தீர்மானத்தைச் செயலாளர் படிப்பார். முடிந்ததும் யாராவது ஒருவர் தட்டுவார், உடனே எல்லாரும் தட்டுவார்கள், "ஏகமனதாக நிறைவேறியது" என்று தலைவர் சொல்லுவார். யார் விழித்திருந்தார், யார் குறட்டை விட்டார் என்பதெல்லாம் கணக்கில் சேராது. கையைத் தூக்கச் சொல்லி எண்ணிப் பல காலம் ஆகிவிட்டது. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு நடக்கும் கூட்டத்தில் கையைத் தூக்க யாருக்குத் தெம்பு இருக்கிறது?

அன்றைக்குக் குடிநீர்க் குழாய் விஷயத்தில் இரண்டு கவுன்சிலர்கள் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. அவர்கள் ஓய்ந்தபோது கேமராவின் மெமரி கார்டு நிரம்பியிருந்தது. படக்காரி கார்டை மாற்றிக்கொண்டிருக்கையில் செயலாளர் அடுத்த தீர்மானத்தை எடுத்தார். மில் வாசலில் உள்ள குழந்தைகள் காப்பகக் கட்டடத்தை ஒரு கிடங்கு நிறுவனத்துக்குக் குத்தகைக்கு விடும் தீர்மானம். செயலாளர் படித்தால் தாலாட்டுத்தான். கட்டட எண், சதுர அடி, உட்பிரிவு என்று அவர் இழுத்துக்கொண்டே போக, தலைகள் வரிசையாகச் சாய்ந்தன. எதிர்த்துப் பேச ஒரே ஒருவர் தயாராக வந்திருந்தார். பேருந்தில் நடத்துநராக இருந்து ஓய்வு பெற்று, மில் வட்டாரத்தின் கவுன்சிலர் ஆனவர், ஊருக்கே கண்டக்டரம்மா. பழைய தோல்பைக்குள் கையை விட்டு மூக்குக்கண்ணாடியைத் துழாவிக்கொண்டிருந்தார்.

படக்காரி புதுக் கார்டைச் செருகினாள், ஓடவிட்டாள். பழக்கதோஷம், லென்ஸுக்கு முன்னால் இரண்டு கையையும் நீட்டி ஒரு தட்டுத் தட்டினாள். தட்டிவிட்டுக் குனிந்து பழைய கார்டை டப்பாவில் போட்டாள். நிமிர்ந்தபோது அறை முழுக்கக் கை தட்டிக்கொண்டிருந்தது. செயலாளர் பாதி வாக்கியத்தில் நிறுத்திவிட்டுக் காகிதத்தைத் திருப்பினார். "ஏகமனதாக நிறைவேறியது" என்றார் தலைவர். வழக்கம்போலத்தானே என்று படக்காரி நினைத்துக்கொண்டாள்.

சாயங்காலம் தங்கை வந்து நின்றாள். இடுப்பில் மூன்று வயது மகள், தலைமுடியில் இன்னும் பஞ்சு. நூல் மில்லில் வேலை. நூற்கும் எந்திரத்தின் முன்னால் நடந்துகொண்டே இருக்க வேண்டும்; இழை அறுந்த இடத்தில் பிடித்து ஒட்ட வேண்டும். விடிவதற்கு முன்னால் தொடங்கும் ஷிப்ட். குழந்தையைத் தூக்கக் கலக்கத்தோடு காப்பகத்துப் பாயில் கிடத்திவிட்டுத்தான் எந்திரத்துக்கு ஓடுவாள். லாரியோடு போகும் புருஷன் எப்போது திரும்புவான் என்று அவனுக்கே தெரியாது.

"காப்பகத்த மூடறாங்களாம்" என்றாள். செருப்பைக்கூடக் கழற்றவில்லை. "மாசக் கடைசிக்குள்ள காலி பண்ணணுமாம். ஆயா உட்கார்ந்து அழறாங்க. ஒருத்தர்கூட எதிர்த்துப் பேசலையாமே? நீ அங்கதானே இருந்தே?"

"இருந்தேன்."

"யார் முதல்ல தட்டினது? அத மட்டும் சொல்லு, போதும். நாங்க எல்லாரும் பேசி வச்சிருக்கோம். எவன் முதல்ல தட்டினானோ அவன் வீட்டு வாசல்ல நாப்பது குழந்தையையும் கொண்டுபோய் உட்கார வைக்கப்போறோம். அவனே பால் காய்ச்சிக் கொடுக்கட்டும்."

படக்காரிக்கு உற்சாகம் பிறந்துவிட்டது. இத்தனை வருஷம் எடுத்ததற்கு இன்றைக்காவது ஒரு பிரயோஜனம். கணினி முன்னால் இரண்டு நாற்காலியை இழுத்துப் போட்டாள். ஒலியை இன்னும் சேர்க்கவில்லை, படம் மட்டும் ஊமையாக ஓடியது. தங்கைக்கு அது ஒரு குறையே இல்லை. மில் இரைச்சலில் காது எதற்கும் உதவாது. அங்கே பெண்கள் எல்லாரும் உதட்டைப் பார்த்தே ஊர்வம்பு பேசுகிறவர்கள்.

"தலைவர் பக்கத்துல இருக்கறவர்கிட்ட 'வயிறு கடமுடாங்குது'ன்னு சொல்றார்" என்றாள் தங்கை. "இந்த ஆளு ஒண்ணும் சொல்லல. கொட்டாவி."

கார்டு மாறிய இடம் வந்தது. திரை கறுத்து மீண்டும் வெளுத்தது. எடுத்த எடுப்பிலேயே இரண்டு கைகள் திரையை அடைத்துக்கொண்டு வந்தன. சேர்ந்தன, விலகின. விலகியதும் பின்னால் தெரிந்த அறையில் ஒருவர் திடுக்கிட்டு விழித்துக் கை தட்டினார். அவரைப் பார்த்து அடுத்தவர். பிறகு வரிசை முழுக்க.

"திருப்பிப் போடு" என்றாள் தங்கை.

படக்காரி திருப்பிப் போட்டாள். கைகள் சேர்ந்தன. வலது மணிக்கட்டில், முதல் சம்பளத்தில் தங்கை வாங்கிக் கொடுத்த சிவப்புப் பட்டைக் கடிகாரம்.

குழந்தை திரையைத் தொட்டு, "பெரியம்மா கை" என்றது.

"நான் வேணும்னு..." என்று படக்காரி ஆரம்பித்தாள்.

"வேணும்னு பண்ணலைன்னு எனக்குத் தெரியாதா?" தங்கை எழுந்து குழந்தையைத் தூக்கிக்கொண்டாள். "'அந்த ரூம்ல நான் இல்லவே இல்ல'ன்னு பெருமையா சொல்லுவியே. நாளைக்கு கேட்ல எல்லாரும் கேப்பாங்க, யாருன்னு. நான் என்ன சொல்லட்டும்?"

"நீ வேலைக்குப் போறப்ப இவள நான் பாத்துக்கறேன்."

"நாப்பதையும் பாத்துக்குவியா?"

வாசல்வரை போன தங்கை திரும்பி நின்று, அக்கா என்று கூப்பிடாமல் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். "இன்னும் ரெண்டு வாரத்துல எனக்கு வேல போயிடும். உனக்குப் படம் கிடைச்சிடுச்சு" என்றாள். அந்த வார்த்தை படக்காரியைச் சாப்பிடவும் விடவில்லை, தூங்கவும் விடவில்லை.

மறுநாள் நேராகத் தலைவர் அறைக்குப் போனாள். கண்ணாடி போட்ட பெரிய மேஜை. கண்ணாடிக்கு அடியில் தலைவர் பலரோடு கை குலுக்கும் புகைப்படங்கள். தலைவர் கோபப்பட்டு யாரும் பார்த்ததில்லை. வாழைப்பழத்தில் ஊசி ஏற்றத் தெரிந்தவருக்குக் கோபம் எதற்கு?

"வாங்கம்மா, வாங்க! நம்ம ஊர் சினிமாவே நேர்ல வந்திருக்கு. டேய், ஒரு டீ சொல்லு."

படக்காரி நின்றபடியே விஷயத்தைச் சொன்னாள். தலைவர் கண்ணில் நீர் வருகிற அளவுக்குச் சிரித்தார்.

"அப்போ தீர்மானத்த நிறைவேத்தி வச்சதே நீங்கதானா? முன்னாடியே தெரிஞ்சிருந்தா நன்றி சொல்லியிருப்பேனே!"

"உறுப்பினர் இல்லாத ஒருத்தி தட்டினது செல்லாது சார். தீர்மானத்தத் திரும்ப எடுங்க."

"உங்க தட்டு செல்லாதுதான். பின்னாடியே முப்பது பேர் தட்டினாங்களே, அது? 'நான் தூங்கிட்டேன், சத்தம் கேட்டுத் தட்டிட்டேன்'னு ஒருத்தராவது எழுதிக் கொடுப்பாங்களா? கேட்டுப் பாருங்க."

அவர் சொன்னது நிஜம். தூங்கினேன் என்று எந்தக் கவுன்சிலர் ஒப்புக்கொள்வார்?

தலைவர் குரலைத் தணித்தார். "நம்ம வீட்டுப் பொண்ணுன்னு சொல்றேன். உங்க படம் நல்லபடியா முடியட்டும். பெரிய மண்டபத்துல நானே முன்ன நின்னு போட்டுக் காட்டறேன். ஆனா இந்தத் துண்ட மட்டும் வெளில காட்டினீங்கன்னா, கூட்டத்துக்கு இடைஞ்சல் பண்ணினது நீங்கன்னு நீங்களே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். அப்புறம் கேமராவோட அந்தக் கதவத் தாண்ட முடியாது. தேர்தல் வேற வருது. இத்தன வருஷ உழைப்பு வாலில்லாம நிக்குமே?"

தேர்தல்வரை எடுத்தால்தான் அவள் படம் படமாகும். அதற்காகத்தான் கல்யாணப் பேச்சைத் தள்ளிப் போட்டாள், நல்ல செருப்பு வாங்காமல் இருந்தாள், தங்கையிடம் திட்டு வாங்கினாள். தலைவர் அதையெல்லாம் அறிந்துதான் சரியான இடத்தில் விரலை வைத்து அழுத்தினார். அழுத்தியதுதான் வினையாகப் போயிற்று. அவளுக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. பாதி அவர்மேல், பாதி தன்மேல்.

"கதவச் சாத்திக்கோங்க சார். முதல்ல தட்டினது யாருன்னு நானே சொல்லிடறேன். ரெண்டாவது தட்டினது யாருன்னு படம் சொல்லும்."

தலைவர் அப்போதும் சிரித்துக்கொண்டுதான் இருந்தார். ஆனால் வாசலில் டீயோடு வந்த ஆளை வேண்டாம் என்று கையை ஆட்டித் திருப்பி அனுப்பிவிட்டார்.

ஷிப்ட் மாறும் அந்தி நேரத்தில், காப்பகத்தின் வெளிச்சுவரில் படம் காட்டுவதென்று முடிவாயிற்று. ஆயா சுவரில் வரைந்து வைத்திருந்த வாத்துகளை மறைக்கப் போர்வை கிடைக்கவில்லை, சரி, வாத்துமேலேயே விழட்டும் என்று விட்டுவிட்டார்கள். வேலை முடிந்தவர்கள், வேலைக்குப் போகிறவர்கள், குழந்தையை வாங்க வந்தவர்கள் என்று கூட்டம் நெருக்கியது. தங்கை கடைசி வரிசையில் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றாள்.

படக்காரி வெளிச்சத்துக்கு முன்னால் வந்து நின்றாள். ஊர் அவளைக் கேமராவுக்குப் பின்னால் இல்லாமல் பார்ப்பது அதுதான் முதல் தடவை.

"காப்பகத்த மூடற தீர்மானத்துக்கு முதல்ல யார் தட்டினாங்கன்னு தேடிட்டிருந்தீங்க இல்ல? நான்தான் தட்டினேன். என் வேலைக்காகத் தட்டினேன், என்ன நடக்குதுன்னு கவனிக்காம தட்டினேன். என்னத் திட்டணும்னா திட்டுங்க, இங்கதான் நிக்கறேன். ஆனா அதுக்கு முன்னாடி, எனக்குப் பின்னாடி தட்டினவங்களையும் ஒரு தடவ பாத்துடுங்க."

"அடிப்பாவி!" என்று ஒரு குரல். அதற்குள் படம் ஓட ஆரம்பித்துவிட்டது.

கார்டு மாறிய இடம், படம் இல்லை; இருட்டில் செயலாளரின் தாலாட்டு மட்டும். நடுவில் யாரோ ஒருவருடைய குறட்டை. இரண்டு பெரிய கைகள் வந்து டப்பென்று தட்டின. அவை விலகியதும் சாய்ந்த தலைகள், நெஞ்சைத் தொட்டுக் கிடந்த ஒரு தாடை. அடுத்த நொடி, தூக்கத்திலிருந்து எழுந்த கைகள் ஒவ்வொன்றாக ஒன்றையொன்று தேடிப் பிடித்துத் தட்டின. வாத்தின் அலகுமேல் விழுந்திருந்த தலைவர், "ஏகமனதாக நிறைவேறியது" என்றார். கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. "திரும்பப் போடு, திரும்பப் போடு" என்றார்கள். இரண்டாவது தடவை சிரிப்பு குறைந்தது. மூன்றாவது தடவை ஒருவரும் சிரிக்கவில்லை. இவ்வளவுதானா, நம் பிள்ளைகள் படுக்கும் இடம் போனது இப்படித்தானா என்று முகங்கள் இறுகின.

அந்த மூன்றாவது தடவையில்தான் ஒருத்தி விரலை நீட்டினாள். படத்தில் கண்டக்டரம்மாவும் தட்டிக்கொண்டிருந்தார். எதிர்த்துப் பேச வந்தவர், ஒரு கையில் மூக்குக்கண்ணாடிக் கூட்டை வைத்துக்கொண்டே தட்டினார்.

கண்டக்டரம்மா கூட்டத்தில்தான் இருந்தார். நழுவிப் போயிருக்கலாம். போகவில்லை. "வழி விடுங்க, வழி விடுங்க, உள்ள போங்க" என்று பேருந்துக் குரலில் ஆட்களை விலக்கிக்கொண்டு சுவர்ப் பக்கம் வந்தார்.

"ஆமா, தட்டினேன். காலம் பூரா பஸ்ல விசில் சத்தம் கேட்டா வண்டி கிளம்பும். அதே மாதிரி தட்டுற சத்தம் கேட்டதும் கை கிளம்பிடுச்சு. என்ன தீர்மானம்னு பார்க்கறதுக்குள்ள முடிஞ்சுபோச்சு. வெக்கமாத்தான் இருக்கு. நான் தட்டினத நானே திரும்ப எடுத்துக்கறேன்னு எழுதிக் கொடுக்கப்போறேன். மத்தவங்களும் கையெழுத்துப் போடற வரைக்கும் அவங்கள நீங்க சும்மா விடாதீங்க."

எப்படிச் சும்மா விடாமல் இருப்பது என்று யாரும் உட்கார்ந்து திட்டம் போடவில்லை. அது தானாக நடந்தது. ஒரு கவுன்சிலர் முடி வெட்டிக்கொள்ளப் போனார். கண்ணாடியில் அவரைப் பார்த்த முடிவெட்டுகிறவர் கத்தரியை வைத்துவிட்டு டப்பென்று ஒரு தட்டுத் தட்டினார். பிறகு ஒன்றும் நடக்காத மாதிரி கத்தரியை எடுத்துக்கொண்டார். இன்னொருவர் பேருந்தில் ஏறினார். பின் இருக்கையிலிருந்து ஒரு டப். கொட்டாவிக்காரருடைய சொந்த மனைவியே சாப்பாட்டுத் தட்டை வைக்கும்போது ஒரு டப் தட்டினாள் என்று கேள்வி. தலைவர் புது நிழற்குடையைத் திறந்துவைக்கப் போனார். நாடாவை வெட்டினார், சிரித்தார், கைதட்டலுக்காகக் காத்திருந்தார். எங்கோ கடைசியிலிருந்து ஒரே ஒரு டப். அதற்குப் பிறகு ஊசி விழுந்தால் கேட்கும். யார்மேல் புகார் கொடுப்பது? கை தட்டுவது குற்றமா?

ஒரு வாரம் கவுன்சிலர்கள் தாக்குப் பிடித்தார்கள். பிறகு கண்டக்டரம்மாவின் மனுவில் பாதிக்கும் மேற்பட்டவர்கள் கையெழுத்துப் போட்டார்கள். மறுபடி தீர்மானத்தை எடுத்தே ஆக வேண்டிய நிலை. தலைவர் அசரவில்லை. "எடுத்தா என்ன, இன்னொரு தடவ தட்டிட்டுப் போறாங்க" என்றார். கதவில் ஓர் அறிவிப்பு ஒட்டச் சொன்னார்: கூட்ட அறைக்குள் கேமராவுக்கு அனுமதி இல்லை. படக்காரி காட்டிய துண்டே அதற்குக் காரணம் என்றும் எழுதியிருந்தது. தேர்தல்வரை, அதாவது அவள் படம் முடியும்வரை, அந்தக் கதவு அவளுக்கு இல்லை.

கூட்டத்தன்று படக்காரி முக்காலியைச் சாலைக்கு எதிர்ப்பக்கம், பேருந்து நிறுத்தத்தில் நட்டாள். காலை ஷிப்ட் முடிந்த பெண்கள் பஞ்சுத் தலையோடு நேராக வந்து நின்றுவிட்டார்கள், இடுப்பில் குழந்தைகளோடு. தலைவர் ஜன்னல்களையெல்லாம் சாத்தச் சொல்லியிருந்தார். சாத்தினார்கள். கண்ணாடி ஜன்னலைச் சாத்தி என்ன பயன்? உள்ளே முப்பது பேரும் மீன்தொட்டியில் இருக்கிற மாதிரி பளிச்சென்று தெரிந்தார்கள்.

சத்தம்தான் வராது. அதற்கும் வழி செய்தாயிற்று. அறிவிப்பில் கேமரா என்றுதான் இருந்தது. ஒலிப்பதிவுக் கருவியைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. கண்டக்டரம்மாவின் தோல்பைக்குள் அது உட்கார்ந்து ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் ஓர் இடைஞ்சல். படம் சாலையில், சத்தம் மூடிய ஜன்னலுக்குள். இரண்டையும் பொருத்த ஒரு தட்டு வேண்டும். அந்தத் தட்டு இங்கே கேமராவிலும் தெரிய வேண்டும், அங்கே பைக்குள்ளும் கேட்க வேண்டும். ஒருத்தியின் இரண்டு கை அதற்குக் காணாது.

படக்காரி கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினாள்.

"எல்லாரும் எனக்காக ஒரு தட்டு தட்டணும். ஒண்ணே ஒண்ணு, எல்லாரும் ஒரே நேரத்துல. அவங்க தீர்மானத்தப் படிக்க ஆரம்பிக்கறதுக்கு முன்னாடியே தட்டிடணும். தயவு செஞ்சு ரெண்டாவது தட்டு வேண்டாம். ரெண்டு விழுந்தா உள்ள இருக்கறவங்க கை தானா கிளம்பிடும். அப்புறம் எல்லாம் போச்சு."

பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். இத்தனை பேர் ஒன்றாகத் தட்டிவிட்டு ஒன்றோடு நிறுத்துவது லேசான காரியமா? ஒரு கை மிஞ்சினால்கூட அது கைதட்டல் ஆகிவிடும். தங்கை முன்னால் வந்தாள். அன்றைக்குப் போனவள் இன்றுவரை அக்காவோடு பேசவில்லை. இப்போதும் அக்காவைப் பார்த்துப் பேசவில்லை. குழந்தையைப் பக்கத்துப் பெண்ணிடம் கொடுத்துவிட்டுக் கூட்டத்தைப் பார்த்துக் கையைத் தூக்கினாள். எந்திரத்தை நிறுத்தும்போது மில்லில் காட்டுகிற சைகை அது. அந்தக் கை இறங்கினால் எல்லாக் கையும் நிற்கும் என்பது அங்கே எல்லாருக்கும் தெரியும்.

கேமரா ஓடியது. கை இறங்கியது.

அப்படி ஒரு சத்தத்தை அந்தச் சாலை கேட்டதில்லை. கூரையில் இருந்த புறாக்கள் மொத்தமாக எழும்பின. ஜன்னல் கண்ணாடிகள் அதிர்ந்தன. உள்ளே முப்பது தலைகள் ஒன்றாகத் திரும்பின; முப்பது ஜோடிக் கைகளும் மேஜையை இறுகப் பிடித்துக்கொண்டன. வெளியே இரண்டாவது தட்டு விழவில்லை. இடுப்பில் இருந்த குழந்தைகள்கூட வாயைத் திறக்கவில்லை.

செயலாளர் காகிதத்தை எடுத்தார். அவர் உதடுகள் அசைந்தன. ஒருவரும் தூங்கவில்லை.

"கட்டட எண் சொல்றார்" என்றாள் தங்கை, ஜன்னலைவிட்டுக் கண்ணை எடுக்காமல். உதடு படிக்கத் தெரியாதவர்களுக்காக உரக்கச் சொன்னாள். "சதுர அடி... மில் வாசல்... கிடங்குக்குக் குத்தகை... முடிச்சிட்டார்."

தலைவர் எழுந்து நின்றார். அறையைச் சுற்றிச் சிரித்தார். கையை நீட்டித் தட்ட ஆரம்பித்தார். கண்ணாடிக்குப் பின்னால் அவருடைய இரண்டு கைகளும் சேர்ந்து விலகிச் சேர்ந்து விலகின. யாருடைய கையும் மேஜையை விட்டு எழவில்லை. அவர் இடது பக்கம் திரும்பித் தட்டினார், வலது பக்கம் திரும்பித் தட்டினார். குழந்தைக்குச் சோறு ஊட்டுகிறவர்கள் முதலில் தாங்கள் வாயைத் திறந்து காட்டுவார்களே, அப்படித் தட்டிக் காட்டினார். கடைசியில் நிறுத்தினார். முகத்தில் ஈயாடவில்லை.

"என்ன சொல்றார்?" என்று பின்னாலிருந்து கேட்டார்கள்.

"'என்னய்யா, உங்களுக்கெல்லாம் கை இல்லையா'ங்கறார்."

கண்டக்டரம்மா எழுந்தார். இந்தத் தடவை மூக்குக்கண்ணாடி முதலிலிருந்தே மூக்கில் இருந்தது. "'கை இருக்கு தலைவரே, தூக்கச் சொல்லி எண்ணுங்க'ன்னு சொல்றாங்க" என்ற தங்கையின் குரல் உடைந்தது. தீர்மானத்துக்கு ஆதரவாக மூன்று கைகள் எழுந்தன, அதில் ஒன்று பாதியில் இறங்கிவிட்டது. எதிராக முதலில் கண்டக்டரம்மாவின் கை. பிறகு கொட்டாவிக்காரர், ஜன்னல் வழியே சாலையை ஒரு பார்வை பார்த்துவிட்டு. பிறகு வரிசை முழுக்க. எண்ணத் தேவையே இருக்கவில்லை. ஆனாலும் கண்டக்டரம்மா டிக்கெட் எண்ணுகிற மாதிரி ஒவ்வொரு தலையாக விரலால் தொட்டு எண்ணினார்.

சாலையில் எல்லாரும் படக்காரியைப் பார்த்தார்கள். தங்கை கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பினாள்.

"அக்கா, இப்ப தட்டலாமா?"

அந்த ஒரு வார்த்தைக்காகப் படக்காரி இத்தனை நாளாகக் காத்திருந்தாள். கேமரா ஓடிக்கொண்டிருப்பது தெரியும், தான் அதற்கு முன்னால் போய் நிற்பதும் தெரியும். போய்த் தங்கையின் பக்கத்தில் நின்றுகொண்டாள்.

"தட்டு" என்றாள்.

காப்பகம் அதே இடத்தில் இருக்கிறது, வாத்துகளும் இருக்கின்றன. கதவில் ஒட்டிய அறிவிப்பை யாரும் கிழிக்கவில்லை. படக்காரிக்கு உள்ளே இன்னும் அனுமதி கிடையாது, அவள் கேட்கவும் இல்லை. ஒவ்வொரு கூட்டத்தன்றும் பேருந்து நிறுத்தத்தில் முக்காலி நிற்கும். பேருந்துக்குக் காத்திருப்பவர்கள் இப்போது ஜன்னல் பக்கம் பார்த்து நிற்கிறார்கள். கூட்டம் தொடங்கும்போது தங்கையோ வேறு ஒருத்தியோ கையைத் தூக்குவாள், சாலை முழுக்க ஒரே ஒரு தட்டுத் தட்டும். உள்ளே இருப்பவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். தலைவர் எல்லா ஜன்னலுக்கும் கனத்த திரை தைக்கக் கொடுத்திருப்பதாகக் கேள்வி. தைக்க எடுத்துக்கொண்டவளின் பிள்ளையும் காப்பகத்தில்தான் இருக்கிறான். தேர்தலுக்குள் முடிந்துவிடுமா என்று கேட்டதற்கு, துணி போதவில்லை என்று சொல்லியிருக்கிறாள்.